மண்ணின் உப்பாய் ஒரு நடிகை



வருஷா வருஷம் நம்ம மலரில் ஒரு பெரிய மனிதரின் வாழ்க்கை வரலாறு வரும். இந்த வருஷம் அதை எழுதும் பொறுப்பு என் தலையில் விழுந்தது. மெக்கானிக்கல் பையனாச்சே, யாராவது ஒரு விஞ்ஞானியைப் பற்றி எழுதுவான் என்று எல்லோரும் நினைத்திருப்பீர்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். ஆனால் கடைசியில் எழுத உட்கார்ந்தது ஒரு நடிகையைப் பற்றி!

நடிகையா என்று சிரிக்க வேண்டாம். முதலில் சிரித்தவன் நான்தான். அந்தக் கதையையும் கடைசியில் சொல்கிறேன். அதைச் சொல்லாமல் இந்தக் கட்டுரையை முடித்தால் நான் நேர்மையானவன் ஆக மாட்டேன்.

அந்த நடிகையின் பெயர் ரோசவ்ரா ரெவுவெல்தாஸ். மெக்சிகோ நாட்டுக்காரர். நடிகை, நாட்டியக் கலைஞர், எழுத்தாளர். ஒரே ஒரு படத்துக்காகத் தன் திரை வாழ்க்கையையே விலையாகக் கொடுத்தவர். அதற்காகக் கடைசி வரை வருத்தப்படாதவர்.

கலைக் குடும்பம்

1910 ஆகஸ்ட் 6. வடக்கு மெக்சிகோவில் துராங்கோ மாநிலத்தில் லெர்தோ என்ற சிற்றூர். அங்கே ஒரு சாதாரண வியாபாரியின் வீட்டில் ரோசவ்ரா பிறந்தார். அதே வருஷம் நவம்பரில் மெக்சிகோ புரட்சி வெடித்தது. ஆக, புரட்சிக்கும் இவருக்கும் ஏறத்தாழ ஒரே வயது!

துராங்கோ சுரங்கங்கள் நிறைந்த பூமி. ரோசவ்ராவின் அம்மா ஒரு சுரங்கத் தொழிலாளியின் மகள். இதை மனசில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தேவைப்படும்.

வீடு நிறையப் பிள்ளைகள். அந்தப் பிள்ளைகளில் நாலு பேர் மெக்சிகோவின் கலை வரலாற்றில் இடம் பிடித்தார்கள் என்றால் நம்ப முடிகிறதா?

மூத்தவர் சில்வெஸ்த்ரே. இசையமைப்பாளர். மீனவர்கள் சுரண்டலை எதிர்த்து ஒன்றுசேரும் கதையைச் சொல்லும் 'ரெதெஸ்' (வலைகள்) என்ற படம் 1936-ல் வந்தது. அதற்கு இசையமைத்தவர் இவர்தான். உள்ளூர் மீனவர்களே அதில் நடித்தார்கள். 1937-ல் ஸ்பெயினில் பாசிசத்தை எதிர்த்துப் போர் நடந்துகொண்டிருந்தபோது அங்கேயே போய் நின்றவர். 1940-ல் நாற்பது வயதிலேயே காலமானார்.

அடுத்தவர் ஃபெர்மின். சுவரோவியம் தீட்டியவர். அவரும் 1935-ல் இளவயதிலேயே போய்விட்டார்.

ரோசவ்ராவுக்கு இளையவர் ஹோசே. எழுத்தாளர். அரசியல் வேலைகளுக்காக வாலிப வயதிலேயே இஸ்லாஸ் மரியாஸ் என்ற தீவுச் சிறைக்கு அனுப்பப்பட்டவர். அந்த அனுபவத்தை வைத்து 1941-ல் நாவல் எழுதினார். 1968-ல் மெக்சிகோ மாணவர்கள் கிளர்ந்து எழுந்தபோது, ஐம்பது வயதைத் தாண்டிய இந்த மனிதர் மாணவர்களோடு போய் நின்றார். அதற்காக மறுபடியும் சிறை. மாணவர் சங்க மலரில் இவருக்கும் ஒரு தனிக் கட்டுரை எழுதலாம்.

இப்படிப்பட்ட அண்ணன் தம்பிகளுக்கு நடுவில் பிறந்த பெண் ரோசவ்ரா. நாட்டியம் கற்றார். திருமணம், மகன் என்று குடும்ப வாழ்க்கை. சினிமாவில் பெயர் எடுத்தபோது அவருக்கு வயது நாற்பதை நெருங்கியிருந்தது. கதாநாயகிகள் ஓய்வு பெறுகிற வயது என்று நம்ம ஊரில் சொல்வோமே, அந்த வயதில்!

1950-ல் எமிலியோ ஃபெர்னாந்தெஸ் இயக்கிய 'உன் தியா தெ வீதா' (வாழ்வின் ஒரு நாள்) படத்தில் மாமா ஹுவானிதா என்ற தாயாக நடித்தார். மரண தண்டனை விதிக்கப்பட்ட மகனின் தாய். இந்தப் படம் சொந்த நாட்டை விட யூகோஸ்லாவியாவில்தான் சக்கைப்போடு போட்டது. இரண்டாம் உலகப் போரில் பிள்ளைகளைப் பறிகொடுத்த நாடு அது. அங்கே தியேட்டரில் ஜனங்கள் தேம்பித் தேம்பி அழுதார்களாம். மெக்சிகோ பாட்டு பாடும் குழுக்கள்கூட அங்கே முளைத்தன.

அடுத்து 'இஸ்லாஸ் மரியாஸ்', 'முச்சாச்சாஸ் தெ யுனிஃபார்மே', 'எல் ரெபோசோ தெ சோலெதாத்' என்று வரிசையாகப் படங்கள். ஹாலிவுட்டின் எம்.ஜி.எம். நிறுவனம் எடுத்த 'சொம்ப்ரேரோ' படத்திலும் ஒரு வேடம் கிடைத்தது. இப்படியே போயிருந்தால் இவரும் பத்தோடு பதினொன்றாக ஒரு நல்ல நடிகையாகப் பெயர் வாங்கியிருப்பார். அப்போதுதான் வந்தது அந்த அழைப்பு.

துத்தநாகச் சுரங்கத்தில் ஒரு போராட்டம்

இந்த இடத்தில் கொஞ்சம் அமெரிக்காவுக்குப் போக வேண்டும்.

நியூ மெக்சிகோ மாநிலத்தில் கிராண்ட் கவுண்டி என்ற பகுதி. அங்கே ஹனோவர் என்ற ஊரில் எம்பயர் சிங்க் என்ற நிறுவனத்தின் துத்தநாகச் சுரங்கம். தொழிலாளிகளில் பெரும்பாலோர் மெக்சிகோ வம்சாவளியினர். அந்த மண்ணிலேயே தலைமுறை தலைமுறையாக வாழ்கிறவர்கள்தான். ஆனாலும் கீழான வேலை, குறைந்த கூலி. கம்பெனி கட்டிய குடியிருப்பிலும் பாகுபாடு. வெள்ளையர் வீட்டில் குழாயைத் திறந்தால் வெந்நீர் கொட்டும். இவர்கள் வீட்டுக்குள் குழாயும் கிடையாது, கழிப்பறையும் கிடையாது.

1950 அக்டோபரில் சுமார் 140 தொழிலாளிகள் வேலைநிறுத்தம் செய்தார்கள். முக்கியமான கோரிக்கை என்ன தெரியுமா? சுரங்கக் குழியின் வாயில் இறங்குகிற நிமிஷத்திலிருந்து மறுபடி வாய்க்கு மேலே வருகிற நிமிஷம் வரை வேலை நேரமாகக் கணக்கிட வேண்டும். நியாயம்தானே? பூமிக்கு அடியில் இருக்கிற நேரம் எல்லாம் உயிரைப் பணயம் வைக்கிற நேரம்தானே!

எட்டு மாசம் ஓடியது. 1951 ஜூனில் கோர்ட் தடையாணை பிறப்பித்தது. வேலைநிறுத்தம் செய்யும் தொழிலாளிகள் மறியல் செய்யக் கூடாது, செய்தால் சிறை. மறியலை விட்டால் கருங்காலிகள் உள்ளே போவார்கள், போராட்டம் தோற்கும். செய்தால் எல்லோரும் ஜெயிலில். என்ன செய்வது?

அப்போது பெண்கள் எழுந்து நின்றார்கள். தடை தொழிலாளிகளுக்குத்தானே, எங்களுக்கு இல்லையே என்றார்கள். ஆண்களில் பலருக்கு இது பிடிக்கவில்லை. பொம்பளை பின்னால் ஒளிந்துகொண்டான் என்று ஊர் சிரிக்குமே! இரவெல்லாம் விவாதம். கடைசியில் ஓட்டெடுப்பு. பெண்கள் ஜெயித்தார்கள்.

மறுநாளிலிருந்து மறியல் வரிசையில் பெண்கள். கண்ணீர்ப்புகை வீசினார்கள், வரிசை கலையவில்லை. ஒரே நாளில் ஐம்பதுக்கும் மேற்பட்ட பெண்களைப் பிடித்து, பிள்ளை குட்டிகளோடு சிறையில் அடைத்தார்கள். அப்போதும் அடுத்த வரிசை வந்து நின்றது. பதினைந்து மாசம் நீடித்த போராட்டம் 1952 ஜனவரியில் ஒப்பந்தத்தில் முடிந்தது. வீடுகளுக்கு வெந்நீர்க் குழாயும் வந்தது!

வேலை பறிபோன கலைஞர்கள்

அதே காலத்தில் ஹாலிவுட்டில் வேறொரு வேட்டை நடந்துகொண்டிருந்தது. கம்யூனிஸ்ட் என்று சந்தேகம் வந்தால் போதும், கருப்புப் பட்டியலில் பெயர் ஏறிவிடும். அப்புறம் எந்த ஸ்டூடியோவும் வேலை தராது. நாடாளுமன்றக் குழுவின் கேள்விக்குப் பதில் சொல்ல மறுத்ததற்காகப் பத்து பேர் சிறைக்குப் போனார்கள். ஹாலிவுட் பத்து என்று அவர்களுக்குப் பெயர். அதில் ஒருவர் இயக்குநர் ஹெர்பர்ட் பைபர்மேன். ஆறு மாசத் தண்டனை.

வெளியே வந்த பைபர்மேன், தயாரிப்பாளர் பால் ஜாரிகோ, ஆஸ்கார் வாங்கிய கதாசிரியர் மைக்கேல் வில்சன் எல்லோரும் ஒன்று சேர்ந்தார்கள். அவர்களும் வேலை பறிக்கப்பட்டவர்களே. இழக்க இனி எதுவும் இல்லையே, அப்படியானால் ஸ்டூடியோ எடுக்கவே எடுக்காத ஒரு படத்தை எடுத்தால் என்ன என்று முடிவு செய்தார்கள். சுரங்கத் தொழிலாளர் சங்கத்தின் 890-ம் கிளை கைகோத்தது. அப்படி உருவானதுதான் 'சால்ட் ஆஃப் தி எர்த்'. தமிழில் சொன்னால், மண்ணின் உப்பு.

வில்சன் எழுதிய கதையைத் தொழிலாளர் குடும்பங்களுக்கு வாசித்துக் காட்டினார்கள். அவர்கள் திருத்தம் சொன்னார்கள். கதாநாயகன் வேறொரு பெண்ணோடு பழகுவது போல ஒரு கட்டம் இருந்தது. கடைசிச் சம்பளத்தில் சாராயம் வாங்குவது போல ஒன்று இருந்தது. எங்களைப் பற்றி ஏற்கெனவே ஊர் இப்படித்தான் பேசுகிறது, நீங்களும் அதையே காட்டணுமா என்று கேட்டார்கள். இரண்டையும் எடுத்துவிட்டார்கள். யாரைப் பற்றிய படமோ அவர்களிடமே கேட்டுத் திருத்தினார்கள். எத்தனை படங்களில் இது நடக்கும்?

கதாநாயகி எஸ்பெரான்சா. ஸ்பானிஷ் மொழியில் அதற்கு நம்பிக்கை என்று பொருள். முதலில் பைபர்மேனின் மனைவியும் ஆஸ்கார் பரிசு பெற்ற நடிகையுமான கேல் சாண்டர்கார்டுதான் அந்த வேடத்தில் நடிப்பதாக இருந்தது. மெக்சிகோ வம்சாவளிப் பெண்ணின் கதையில் வெள்ளைக்காரப் பெண் வேஷம் போடுவது சரியில்லை என்று பிறகு மாற்றினார்கள். அழைப்பு ரோசவ்ராவுக்குப் போனது.

யோசித்துப் பாருங்கள். பேரும் புகழும் வந்துகொண்டிருக்கிற நேரம். ஹாலிவுட் கதவு அப்போதுதான் திறந்திருக்கிறது. கருப்புப் பட்டியல்காரர்களின் படத்தில் நடித்தால் அந்தக் கதவு மூடும். ரோசவ்ராவுக்கு இது தெரியாதா? தெரியும். ஆனாலும் வந்தார். இப்படியொரு படத்துக்காகவே ஆயுசு முழுக்கக் காத்திருந்தது போல இருந்தது என்று பின்னாளில் எழுதினார். சுரங்கத் தொழிலாளியின் பேத்தி அல்லவா!

கதாநாயகன் ரமோனாக நடிக்கத் தொழில்முறை நடிகர் சரியாக அமையவில்லை. சங்கத் தலைவர் ஹுவான் சாக்கோன் மேல் ரோசவ்ராவின் கண் விழுந்தது. நாடகம் சினிமா பக்கமே போகாத மனுஷன், ரொம்ப சாது, இவரா என்று பைபர்மேன் தயங்கினார். இவரேதான் என்று ரோசவ்ராவும் இயக்குநரின் உறவினரான சோன்யா பைபர்மேனும் பிடிவாதமாக நின்றார்கள். படத்தைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், அந்தப் பிடிவாதம் எவ்வளவு சரி என்று.

தொழில்முறை நடிகர்கள் நாலைந்து பேர்தான். மீதி எல்லோரும் அந்த ஊர் ஜனங்கள். உண்மையில் மறியல் செய்த பெண்களே படத்திலும் மறியல் செய்தார்கள்.

கேமரா முன்னால் கைது

1953 ஜனவரியில் படப்பிடிப்பு தொடங்கியது. கொஞ்ச நாளிலேயே பத்திரிகைகளில் விஷயம் கசிந்தது. பிப்ரவரி 24-ம் தேதி டொனால்ட் ஜாக்சன் என்ற உறுப்பினர் அமெரிக்க நாடாளுமன்றத்தில் எழுந்து, இந்தப் படம் நாட்டுக்கு ஆபத்து, எப்படியும் தடுத்தே தீருவேன் என்று முழங்கினார்.

மறுநாளே, பிப்ரவரி 25-ல், குடியேற்றத்துறை அதிகாரிகள் வந்து ரோசவ்ராவைக் கைது செய்தார்கள். என்ன குற்றம்? எல்லையைக் கடந்தபோது பாஸ்போர்ட்டில் முத்திரை விழவில்லையாம்! முத்திரை போட வேண்டியது அதிகாரியின் வேலை. தண்டனை இவருக்கு.

டெக்சாஸில் எல் பாசோ நகரத்துக்குக் கொண்டுபோய்க் காவலில் வைத்தார்கள். ஜாமீன் மறுக்கப்பட்டது. இவர் ஆபத்தான பெண் என்று அரசு வக்கீல் வாதாடினார். ஆதாரம் எதுவும் காட்டவில்லை. அப்படியானால் நான் எதனால் ஆபத்தானவள் என்று ரோசவ்ரா யோசித்தார். மெக்சிகோ வம்சாவளிப் பெண் ஒருத்தியை மானமும் மரியாதையும் உள்ளவளாகத் திரையில் காட்டியதுதான் என் குற்றமாக இருக்க வேண்டும் என்ற முடிவுக்கு வந்தார். இதையெல்லாம் அவரே பின்னர் ஒரு கட்டுரையில் விவரித்திருக்கிறார்.

வழக்கு இழுத்துக்கொண்டே போகும் என்று தெரிந்ததும் மார்ச் மாதத் தொடக்கத்தில் தாயகம் திரும்பினார். படம் முடியவில்லை. கதாநாயகி இல்லை!

இங்கே ஊரில் கலவரம். தொழிலாளர் சங்கத்துக்காரர்களைத் தெருவில் அடித்தார்கள். ஒரு தொழிலாளியின் வீடு தீக்கிரையானது. மாநிலப் போலீஸ் காவலோடு கடைசிக் காட்சிகளை எடுத்தார்கள். ரோசவ்ரா வர வேண்டிய தூரக் காட்சிகளில் அவரைப் போல இன்னொரு பெண்ணை நிறுத்தினார்கள். மிச்சத்தை மெக்சிகோவில் யாருக்கும் தெரியாமல் படமாக்கினார்கள். படம் முழுக்க எஸ்பெரான்சாவின் குரல்தான் கதையைச் சொல்லும். அந்தக் குரலையும் அங்கேயே ரகசியமாகப் பதிவு செய்து எல்லை கடத்திக் கொண்டுவந்தார்கள். நடிகையை நாடு கடத்தினார்கள். அவர் குரல் திரும்ப உள்ளே வந்துவிட்டது!

டெக்னீஷியன் நண்பர்களே, கவனியுங்கள்

நாம் தொழில்நுட்பம் படிக்கிறவர்கள். அதனால் இந்தப் பகுதியைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

படத்தை எப்படித் தடுப்பது என்று ஜாக்சன் யோசனை கேட்டபோது, பதில் எழுதியவர் ஹோவர்ட் ஹியூஸ். விமானம் கட்டிய அதே கோடீஸ்வரர்தான். ஆர்.கே.ஓ. ஸ்டூடியோ அப்போது அவர் கையில். அவர் கடிதம் கிட்டத்தட்ட ஒரு புராசஸ் சார்ட் மாதிரி இருக்கும். படம் சுட்டால் மட்டும் போதாது. ஃபிலிமை லேபில் கழுவணும். ஒலி சேர்க்கணும். எடிட்டிங் வேணும். இசை சேர்க்கணும். பிரதி எடுக்கணும். ஒவ்வொரு கட்டத்திலும் ஒரு இயந்திரமும் அதை இயக்க ஒரு ஆளும் தேவை. எல்லோரும் கையை விரித்தால் படம் பெட்டியிலேயே செத்துப் போகும்!

அப்படியே நடந்தது. லேபுகள் ஃபிலிமைக் கழுவ மறுத்தன. கழுவிப் பார்க்காமலே, எடுத்தது சரியா தவறா என்று தெரியாமலே, அடுத்த காட்சியை எடுக்க வேண்டிய நிலை. வேறு பெயரில் துண்டு துண்டாக அனுப்பிக் கழுவினார்கள். இடம் மாற்றி இடம் மாற்றி எடிட்டிங் செய்தார்கள். மூடிக் கிடந்த ஒரு தியேட்டரின் பெண்கள் அறையில்கூட அந்த வேலை நடந்தது. சோல் காப்லான் இசையமைத்தார். அதை வாசித்தவர்களுக்கு எந்தப் படத்துக்கு வாசிக்கிறோம் என்று சொல்லப்படவில்லை.

1954 மார்ச் 14. நியூயார்க்கில் படம் வெளியானது. ஆனால் சினிமா ஆபரேட்டர்களின் சங்கத் தலைமையே ஓட்டக் கூடாது என்று நின்றதால், அமெரிக்கா முழுவதிலும் ஏறத்தாழ ஒரு டஜன் தியேட்டர்களில்தான் ஓடியது. தொழிலாளிகளைப் பற்றிய படத்தை முடக்கத் தொழிலாளர் சங்கத்தையே பயன்படுத்தினார்கள். இது எனக்கு ரொம்ப நாள் உறுத்தியது.

வெளிநாடுகளில் நிலைமை வேறு. அதே 1954-ல் செக்கோஸ்லோவாக்கியாவின் கார்லோவி வாரி திரைப்பட விழாவில் உயர்ந்த பரிசு இந்தப் படத்துக்கு. சிறந்த நடிகை ரோசவ்ரா ரெவுவெல்தாஸ்!

அதற்குப் பிறகு

பரிசு வந்தது. வாய்ப்பு வரவில்லை. ஹாலிவுட் மூடியது சரி, சொந்த நாட்டுத் திரையுலகமும் மூடிக்கொண்டது. அமெரிக்கச் சந்தையை நம்பியிருந்தவர்கள் ஒதுங்கிப் போனார்கள். நல்ல நடிகை, உச்சத்தில் இருக்க வேண்டிய வயது, வருஷக்கணக்கில் படமே இல்லை.

அவர் மூலையில் உட்கார்ந்துவிடவில்லை. 1950-களின் பிற்பகுதியில் கிழக்கு ஜெர்மனிக்குப் போய், பெர்டோல்ட் பிரெக்ட் நிறுவிய பெர்லினர் ஆன்சம்பிள் நாடகக் குழுவில் பணியாற்றினார். அடுத்து புரட்சி முடிந்திருந்த கியூபாவிலும் கொஞ்ச காலம் நாடகப் பணி. பின்பு தாயகம் திரும்பி, குவெர்னவாக்கா நகரில் நாட்டியமும் யோகாவும் கற்றுக்கொடுத்து வாழ்ந்தார். ஆமாம், நம்ம யோகாதான்!

1970-களில் மறுபடியும் சில படங்களில் முகம் காட்டினார். 1980-ல் தன் குடும்பத்தின் வரலாற்றை 'லோஸ் ரெவுவெல்தாஸ்' என்ற நூலாக எழுதி வெளியிட்டார். அண்ணன்மாரும் போய்விட்டார்கள், 1976-ல் ஹோசேயும் போய்விட்டார். அந்த வீட்டில் என்ன நடந்தது, அவர்கள் எப்படி வளர்ந்தார்கள் என்று சொல்ல ஆள் வேண்டுமே. தன்னை விடப் புகழ் பெற்ற சகோதரர்களுக்காகப் பேனா எடுத்தார் இந்தச் சகோதரி.

காலம் மாறியது. அமெரிக்காவில் மாணவர்களும் பெண்கள் அமைப்புகளும் தொழிலாளர் சங்கங்களும் 'மண்ணின் உப்பு' படத்தைத் தேடியெடுத்து, வகுப்பறைகளிலும் சங்கக் கூடங்களிலும் போட ஆரம்பித்தார்கள். 1992-ல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பட்டியலில், காப்பாற்ற வேண்டிய படம் என்று இதைச் சேர்த்தார்கள். எந்த நாடாளுமன்றத்தில் தடுப்பேன் என்று முழங்கினார்களோ, அதே நாடாளுமன்றத்தின் நூலகம்! அப்போது ரோசவ்ராவுக்கு வயது 82. கண்ணால் பார்த்துவிட்டுத்தான் போனார். 1996 ஏப்ரல் 30-ம் தேதி குவெர்னவாக்காவில் காலமானார்.

இனி என் கதை

முதலில் சிரித்தவன் நான்தான் என்றேன் இல்லையா. அதைச் சொல்லிவிடுகிறேன்.

போன வருஷம் நம்ம சங்கம் சார்பில் கோரிக்கை மனு தயார் செய்தோம். காலேஜ் விடுற நேரத்துக்கு பஸ், கேன்டீன் விலை, லேத் மெஷின் ரிப்பேர், ஸ்காலர்ஷிப் தாமதம்னு வரிசையா எழுதினோம். அப்போ செயற்குழுவில் இருந்த தோழி ஒருத்தர், ஒர்க்‌ஷாப் பக்கம் இருக்கிற பெண்கள் கழிப்பறையில் தண்ணியும் வரலை, தாழ்ப்பாளும் இல்லை, அதையும் சேருங்கன்னு சொன்னார். பெரிய பெரிய கோரிக்கை இருக்கு, இது சின்ன விஷயம், ஆபீஸ்ல வாயால சொல்லிக்கலாம்னு நான் சொன்னேன். ரெண்டு பேர் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். கடைசியில் பதினோராவதா சேர்த்தோம். டைப் அடிக்கும்போது ஒரே பக்கத்துக்குள் அடங்கணும்னு பத்தோட நிறுத்திட்டோம். நிறுத்தியது நான்தான்.

ரெண்டு மாசம் கழிச்சு விடுதியில் ஒரு சீனியர் அண்ணன் பென் டிரைவில் இந்தப் படத்தைக் கொண்டுவந்தார். கறுப்பு வெள்ளை. தூங்கிடுவேன்னு நினைச்சேன். ஆரம்பத்திலேயே, கர்ப்பிணியான எஸ்பெரான்சா வெளியே விறகு பிளந்து தண்ணி காய்ச்சித் துணி துவைக்கிறாள். பெண்கள் சேர்ந்து, கோரிக்கையில் வீட்டுக்குக் குழாயும் வேணும்னு சேருங்கன்னு கேக்குறாங்க. ஆம்பளைங்க, சுரங்கத்தில் ஆள் சாகுறான், பாதுகாப்புதான் முக்கியம், குழாய் அப்புறம் பாத்துக்கலாம்னு தள்ளிடறாங்க. நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அந்த ரமோன் பேசினது அப்படியே நான் பேசினது!

அப்புறம் பெண்கள் மறியலுக்குப் போயிடறாங்க. ரமோன் வீட்டில் இருந்து துணி துவைக்கிறான், கொடியில் காயப் போடுறான். பக்கத்து வீட்டுக்காரனிடம் வெந்நீர்க் குழாய் இல்லாம இது நடக்காதுப்பா, முதல் கோரிக்கையாவே வெச்சிருக்கணும்னு புலம்புறான். விடுதியில் எல்லோரும் கைதட்டிச் சிரிச்சாங்க. எனக்குச் சிரிப்பு வரலை.

அந்தப் படத்தில் ரமோன் கெட்டவன் இல்லை. அடி வாங்குகிறான், ஜெயிலுக்குப் போகிறான், சங்கத்துக்காக உயிரைக் கொடுக்கிறவன். ஆனாலும் தன் வீட்டுக்குள் இருக்கிற அநியாயம் அவன் கண்ணில் படவில்லை. மேலே இருக்கிறவன் உன்னைக் கீழே வெச்சிருக்கான்னு கோபப்படுறியே, நீ என்னைக் கீழே வெச்சிருக்கியேன்னு எஸ்பெரான்சா கேட்கிற இடம் ஒன்று உண்டு. ரோசவ்ரா அதில் கத்தவில்லை. பயந்து பயந்து ஆரம்பித்து, கடைசியில் பயம் இல்லாமல் முடிக்கிறார். அந்த முகம்தான் என்னைத் தூங்க விடவில்லை.

மறுநாள் அந்தத் தோழியிடம் போய் மன்னிப்புக் கேட்டேன். மன்னிப்பு இருக்கட்டும், மனுவை மாத்து என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். மாத்தினோம். பதினொன்று இப்போது முதலாவது. இந்த ஜனவரியில் தண்ணீர்க் குழாய் வந்துவிட்டது. தாழ்ப்பாள் இந்த மலர் அச்சுக்குப் போகும்வரை வரவில்லை. அடுத்த செயற்குழு கவனிக்க வேண்டுகிறேன்.

ரோசவ்ரா ரெவுவெல்தாஸ் நம்ம பக்கம் வந்தவர் இல்லை. நம்ம மொழி தெரியாது. ஆனால் எழுபது வருஷத்துக்கு மேல் ஆன ஒரு படத்தில், பாதி முடிந்ததும் பிடித்து வெளியே அனுப்பப்பட்ட ஒரு நடிகை, ஒரு பாலிடெக்னிக் விடுதி அறையில் என் தப்பை எனக்குக் காட்டினார். அந்தப் படத்தை நிறுத்த எத்தனை பேர் என்னென்னவோ செய்தார்கள்! நிறுத்தியிருந்தால் நான் இன்னும் சிரித்துக்கொண்டுதான் இருந்திருப்பேன்.

ஜூனியர் தம்பிகளே, தங்கைகளே, படம் இப்போது இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. ஒன்றரை மணி நேரம்தான். செமஸ்டர் லீவில் பாருங்கள். அடுத்த வருஷம் மனு எழுத உட்காரும்போது, பக்கம் போதவில்லை என்றால் இன்னொரு பக்கம் சேர்த்துக்கொள்ளுங்கள். தாள் ஒன்றும் அவ்வளவு விலை இல்லை.



– செயற்குழு உறுப்பினர்,
மூன்றாம் ஆண்டு, இயந்திரவியல் துறை